வேலையை விடாமல் மேடை ஏறுவது எப்படி: ஆபீஸ் போகிறவர்களுக்கான ஸ்டாண்ட்அப் காமெடி வழிகாட்டி

பகலில் கணக்குப் பிரிவு, வங்கிக் கவுன்டர், பள்ளிக்கூடம் என்று எங்கேயோ பல வருடங்களாக நிலையான வேலை, ஆனால் மனசு முழுக்க மேடைமேல் என்று இருப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். நானும் அப்படித்தான், ஒரு தனியார் நிறுவனத்தில் கணக்குப் பிரிவில் இருந்துகொண்டே ஓப்பன் மைக் (யார் வேண்டுமானாலும் பெயர் கொடுத்துச் சில நிமிடம் பேசிப் பார்க்கும் மேடை) போகிறவன். புதிதாக வருகிறவர்கள் முதலில் கேட்பது "எப்ப வேலையை விடலாம்?" என்பதைத்தான். விடவேண்டியதில்லை என்பதுதான் என் பதில். வேலை இருப்பதால்தான் பிடிக்காத ஷோவை வேண்டாம் என்று சொல்ல முடிகிறது, பத்துப் பேர் மட்டுமே உட்கார்ந்திருக்கும் கஃபேயில் புது மேட்டரைத் தைரியமாகச் சொல்லிப் பார்க்க முடிகிறது. பேசுவதற்கு விஷயமும் அங்கிருந்துதான் வருகிறது.

இது நம் ஊருக்குப் புதிதும் இல்லை. 1891-ல் பம்மல் சம்பந்த முதலியார் சுகுண விலாச சபையைத் தொடங்கியபோது, கூத்தாடிகளின் தொழில் என்று ஏளனமாகப் பார்க்கப்பட்ட நாடகத்துக்கு வக்கீல்களும் உத்தியோகஸ்தர்களும் வந்து வேஷம் கட்டினார்கள். அவரே படித்து வக்கீலாகி, பிறகு நீதிபதியாகி, கூடவே நாடகம் எழுதி நடித்துக்கொண்டும் இருந்தார். கே. பாலசந்தர் ஏ.ஜி. ஆபீஸில் (அரசுக் கணக்குத் தணிக்கை அலுவலகம்) வேலை பார்த்தபடியே நாடகம் போட்டார். நாகேஷ் ரயில்வேயில் குமாஸ்தா. சோ ராமசாமி வக்கீல். கிரேஸி மோகன் கிண்டி பொறியியல் கல்லூரியில் மெக்கானிக்கல் படித்துவிட்டு சுந்தரம் கிளேட்டனில் வேலை பார்த்துக்கொண்டே நகைச்சுவை நாடகங்கள் எழுதினார். பட்டிமன்ற மேடையில் சாலமன் பாப்பையா கல்லூரிப் பேராசிரியராக இருந்தவர், பாரதி பாஸ்கர் வங்கி அதிகாரியாக இருந்தவர். இன்றைய ஸ்டாண்ட்அப்பில் அலெக்சாண்டர் பாபு பல வருடம் சாஃப்ட்வேர் வேலையில் இருந்துவிட்டு வந்தவர். சாயங்காலம் ஆறு மணிக்கு மேல் கலைஞராக இருப்பது தமிழ் நகைச்சுவையின் பழைய வழக்கம், அதில் கூச்சப்பட ஒன்றுமில்லை.

படி 1: அப்பாயின்ட்மென்ட் ஆர்டரை எடுத்துப் படியுங்கள்

ஜோக் எழுதுவதற்கு முன்னால் இதைச் செய்யுங்கள். பீரோவில் எங்கேயாவது கிடக்கும், தேடி எடுங்கள். தனியார் வேலை என்றால் "வேறு வேலை, தொழில் எதிலும் ஈடுபடக்கூடாது" என்கிற மாதிரி ஒரு வரி அநேகமாக இருக்கும். 2022 செப்டம்பரில் விப்ரோ 300 பேரை வேலையைவிட்டு அனுப்பியதாகச் சொன்னது எல்லோருக்கும் நினைவிருக்கும். அது ஒரே நேரத்தில் போட்டி நிறுவனங்களுக்கும் வேலை செய்த விவகாரம், மேடையில் பேசுவது அந்தக் கணக்கில் வராது. ஆனாலும் காசு வாங்க ஆரம்பிக்கும் முன் எச்.ஆருக்கு ஒரு மெயில் அனுப்பிப் பதிலை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். "வார இறுதியில், அலுவலக நேரத்துக்கு வெளியே, நிறுவனத்தின் பெயரைச் சொல்லாமல் நகைச்சுவை நிகழ்ச்சி செய்கிறேன்" என்று இரண்டு வரி போதும். வாய்மொழியாக "அதெல்லாம் ஒண்ணும் இல்லப்பா, பண்ணுங்க" என்று மேனேஜர் சொல்வதை நம்பி விட்டுவிடாதீர்கள், மேனேஜர் மாறுவார்.

மத்திய அரசு ஊழியர் என்றால் 1964-ஆம் வருட நடத்தை விதிகளில் 15-ஆம் விதியைப் பாருங்கள். வணிகமோ வேறு வேலையோ செய்ய முன் அனுமதி வேண்டும், ஆனால் எப்போதாவது செய்யும் இலக்கிய, கலை, அறிவியல் பணிகளுக்கு, அலுவல் கெடாதவரை, இடம் உண்டு. எப்போதாவது என்கிற சொல்லைக் கவனியுங்கள், வாராவாரம் டிக்கெட் போட்டு ஷோ நடத்துவதை அதில் அடைக்க முடியாது, அதற்கு அனுமதி கேட்டுவிடுங்கள். 9-ஆம் விதி இன்னும் முக்கியம்: அரசின் கொள்கையைக் குறைசொல்வதாக ஆகும் பேச்சு ஒளிபரப்பிலோ அச்சிலோ பொது மேடையிலோ வரக்கூடாது என்பது அதன் சாரம். யூடியூபில் போடும் அரசியல் ஜோக்கை உங்களுக்கு வேண்டாதவர் யாராவது எடுத்துக்கொண்டு போய் மேலதிகாரியிடம் காட்டினால் சிக்கல்தான். தமிழ்நாடு அரசு ஊழியர்களுக்கு 1973-ஆம் வருட நடத்தை விதிகள் தனியாக உண்டு, அதையும் வாங்கிப் படியுங்கள்.

மத விஷயங்களில் கவனம் எல்லோருக்கும் வேண்டும், அரசு ஊழியருக்கு இரண்டு மடங்கு. ஸ்டாண்ட்அப் காமெடியன் முனாவர் ஃபாரூக்கி, இந்து தெய்வங்களைக் கேலி செய்தார் என்ற புகாரில் 2021 ஜனவரி 1 அன்று இந்தூரில் கைதாகி, பிப்ரவரி 5-இல் உச்ச நீதிமன்றம் இடைக்கால ஜாமீன் கொடுக்கும்வரை உள்ளே இருந்தார். மத்திய அரசு ஊழியர் ஒருவர் 48 மணி நேரத்துக்குமேல் காவலில் இருந்தாலே சஸ்பெண்ட் ஆனதாகத்தான் கருதப்படுவார், தனியாக விசாரணைகூட அதற்குத் தேவையில்லை. பயமுறுத்தச் சொல்லவில்லை. எந்த ஜோக்குக்கு எவ்வளவு விலை கொடுக்க நேரலாம் என்பதைத் தெரிந்துகொண்டு, அப்புறம் அதைச் சொல்வதா வேண்டாமா என்று நீங்களே முடிவு செய்யுங்கள்.

படி 2: சேகரியுங்கள், எழுதாதீர்கள்

முதல் ஒரு மாதம் ஜோக் எழுத வேண்டாம். போனில் ஒரு நோட் திறந்து, எரிச்சல் வந்ததையும் வெட்கம் வந்ததையும் புரியாததையும் மட்டும் குறித்துக்கொண்டே வாருங்கள். லிஃப்டில் எம்.டி.யோடு மாட்டிய நேரம், "கைண்ட்லி டூ த நீட்ஃபுல்" என்று முடியும் மெயில், ரிட்டயர்மென்ட் பார்ட்டியில் திட்டிக்கொண்டே இருந்தவர் அழுதது, தீபாவளி ஸ்வீட் பாக்ஸ் போன வருடத்தைவிடச் சின்னதாகிவிட்டது, இந்த மாதிரி. நீண்டகாலம் ஒரே வேலையில் இருப்பவருக்கு இதில்தான் பெரிய வசதி. கல்லூரி முடித்துவிட்டு மேடைக்கு வரும் பையன்களிடம் காதல், ஹாஸ்டல், அப்பா தவிரப் பேச அதிகம் இருக்காது. நீங்கள் மூன்று மேனேஜர்களைப் பார்த்தவர், லெட்ஜர் காலத்திலிருந்து சாஃப்ட்வேர் வரை வந்தவர், ஆடிட் வரும் வாரம் ஆபீஸ் எப்படி நாற்காலி நுனியில் உட்கார்ந்திருக்கும் என்று தெரிந்தவர்.

படி 3: நாலு நிமிடம்

ஓப்பன் மைக்கில் பெரும்பாலும் நாலு அல்லது ஐந்து நிமிடம்தான் கிடைக்கும். நாலு நிமிட ஸ்லாட்டுக்கு மூன்றரை நிமிடம் எழுதுங்கள், மீதி சிரிப்புக்கு. சாதாரணமாகப் பேசும் வேகத்தில் அது நானூறு வார்த்தைக்குப் பக்கத்தில் வரும். ஒரு விஷயம், அதில் மூன்று நாலு பிட் (சின்னச் சின்ன ஜோக் துண்டு), அவ்வளவுதான். ஆபீஸ், கல்யாணம், ஓலா, அரசியல் என்று எல்லாவற்றையும் தொட்டால் எதுவுமே நிற்காது.

ஒரு உதாரணத்தோடு சொல்கிறேன். நோட்டில் இப்படி இருக்கிறது என்று வையுங்கள்:

"எங்க ஆபீஸ்ல பயோமெட்ரிக் மெஷின் ரொம்பப் பழசு, விரல் வெச்சா சில சமயம் எடுக்கும், சில சமயம் எடுக்காது, ரொம்பக் கஷ்டமா இருக்கும்."

இது புகார். கேட்பவர் தலையாட்டுவார், சிரிக்கமாட்டார். புகாரை எடுத்துவிட்டு, அந்த மெஷின் நம்மை எப்படி நடத்துகிறது என்று பாருங்கள்:

"இத்தனை வருஷமா அதே மெஷின், அதே விரல். தினமும் காலைல என்னைப் பாத்து 'நீங்க யாரு?'ங்குது."

இப்போது மெஷினுக்கு ஒரு குணம் வந்துவிட்டது. குணம் வந்தால் அடுத்த வரி தானாக வரும்: "எட்டு ஐம்பத்தஞ்சுக்குப் போனா நான் யாருன்னே தெரியாது. ஒன்பது பதினொண்ணுக்குப் போனா, டக்குனு 'வாங்க சார்!'" 

இங்கே "வாங்க சார்" கடைசியில் நிற்பதைப் பாருங்கள். நம் மொழியில் வினை கடைசியில் வருவதால், இயல்பாக எழுதினால் "டக்குனு 'வாங்க சார்'னு சொல்லி என்னை உள்ளே விட்டுடுது" என்று போய்விடும். சிரிப்பு வரவேண்டிய இடத்துக்கு அப்புறம் நாலு வார்த்தை வால்மாதிரித் தொங்கும், சிரிக்க வாயெடுத்தவர் நீங்கள் இன்னும் பேசுகிறீர்கள் என்று நிறுத்திக்கொள்வார். ஆங்கிலத்தில் எழுதும் காமெடியன்களின் வீடியோவைப் பார்த்துக் கற்றுக்கொள்பவர்களுக்கு இது பிடிபடவே மாட்டேன் என்கிறது. தமிழில் வாக்கியத்தைப் பாதியில் வெட்டலாம், பேச்சில் அது முழுசாகவே கேட்கும். ஒவ்வொரு பிட்டிலும் எந்த வார்த்தையில் சிரிப்பு இருக்கிறது என்று அடிக்கோடு போடுங்கள், அதற்குப் பிறகு வரும் எல்லாவற்றையும் வெட்டுங்கள்.

அதே பிட்டில் "மாமியார் வீட்டுலயே ரெண்டாவது தீபாவளிக்குள்ள என்னை அடையாளம் கண்டுக்கிட்டாங்க" என்று ஒரு வரி சேர்க்கத் தோன்றும். சிரிப்பும் வரும். நான் சேர்க்கமாட்டேன். கேட்பவரின் மனசு ஆபீஸிலிருந்து மாமியார் வீட்டுக்குப் போய்விடும், திரும்ப அழைத்து வருவதற்குள் நேரம் முடிந்துவிடும். அதைத் தனியாக எடுத்து வையுங்கள், கல்யாணத்தை வைத்து ஒரு செட் (ஒரு மேடைக்கான முழுப் பேச்சு) எழுதும்போது உதவும்.

வாட்ஸ்அப்பில் வந்த கடி ஜோக்கை மேடையில் சொல்லவே சொல்லாதீர்கள். ஆபீஸில் அது ஓடும், மேடையில் முதல் வரியிலேயே "கேட்டாச்சு" என்று ஒரு குரல் வரும். இன்னொருவரின் பிட்டை எடுப்பது அதைவிட மோசம். இது சின்ன வட்டம், ஒரே வாரத்தில் மேடையை நடத்தும் எல்லா ஹோஸ்டுக்கும் தெரிந்துவிடும்.

படி 4: வாய்விட்டுச் சொல்லுங்கள்

மனப்பாடம் செய்வதைவிட வாய்க்குப் பழக்குவது முக்கியம். பைக்கில் போகும்போது ஹெல்மெட்டுக்குள், மொட்டை மாடியில், குளியலறையில், எங்கே வேண்டுமானாலும் சத்தமாகச் சொல்லுங்கள். எழுதியது கண்ணுக்கு நன்றாக இருக்கும், வாயில் வரும்போது இடறும். இடறுகிற வார்த்தை உங்கள் வார்த்தை இல்லை, மாற்றிவிடுங்கள். திருநெல்வேலிக்காரர் மேடைக்காகச் சென்னைத் தமிழுக்கு மாறவேண்டாம், வீட்டில் எப்படிப் பேசுவீர்களோ அப்படியே பேசுங்கள்.

வீட்டு ஆட்கள் முன்னால் ஒத்திகை வேண்டாம் என்பது என் கருத்து. அவர்களுக்கு உங்களைத் தெரியும், அதனால் சிரிப்பார்கள், அல்லது உங்களைத் தெரியும் என்பதாலேயே சிரிக்கமாட்டார்கள். இரண்டுமே ஜோக்கைப் பற்றி எதுவும் சொல்லாது.

படி 5: முதல் ஓப்பன் மைக்

சென்னையிலும் பெங்களூரிலும் தமிழ் ஓப்பன் மைக்குகள் நடக்கின்றன. பெரும்பாலும் இன்ஸ்டாகிராமில் போஸ்டர் வரும், ஒரு கூகுள் ஃபார்ம் இருக்கும், நிரப்பினால் லைன்அப்பில் (அன்றைக்குப் பேசுகிறவர்களின் வரிசை) இடம் கிடைத்ததா என்று வாட்ஸ்அப்பில் சொல்வார்கள். பதிவு செய்வதற்கு முன் ஒருமுறை பார்வையாளராகப் போய் உட்காருங்கள். ஹோஸ்ட் யார், எவ்வளவு பேர் வருகிறார்கள், எத்தனை மணிக்கு முடிகிறது என்பதெல்லாம் தெரியவரும். மெட்ரோவில் வருபவர் கடைசி வண்டி பதினொரு மணி வாக்கில் என்பதை மனதில் வைத்து, லைன்அப்பில் முன்னால் போடச் சொல்லி ஹோஸ்டிடம் பணிவாகக் கேட்கலாம். காலையில் ஆபீஸ் இருக்கிறது என்றால் பெரும்பாலும் புரிந்துகொள்வார்கள், அவர்களில் பலரும் ஆபீஸ் போகிறவர்கள்தான்.

மற்ற ஊர்களில் இருப்பவர்கள் கவலைப்பட வேண்டாம். மதுரை, திருச்சி மாதிரி ஊர்களில் நகைச்சுவை மன்றங்கள் உண்டு. மேடைப்பேச்சுப் பழகும் டோஸ்ட்மாஸ்டர்ஸ் கிளப்புகளில் நகைச்சுவைப் பேச்சுப் போட்டி உண்டு. குடியிருப்போர் சங்கத்தின் பொங்கல் விழா, லயன்ஸ், ரோட்டரி கூட்டம், எல்லாமே மேடைதான். ஆனால் ஆபீஸ் ஆண்டு விழாவில் முதல் மேடை ஏறவேண்டாம். அங்கே விழும் சிரிப்பு உங்களைத் தெரிந்தவர்களின் சிரிப்பு, அதை நம்பி ஓப்பன் மைக் போனால் ஏமாற்றமாக இருக்கும்.

மேடையில் செய்யவேண்டியவை கொஞ்சம்தான். மைக்கை ஸ்டாண்டிலிருந்து எடுத்தால் ஸ்டாண்டைத் தூக்கிப் பின்னால் வையுங்கள், இல்லாவிட்டால் உங்களுக்கும் ஜனங்களுக்கும் நடுவில் ஒரு கம்பி நின்றுகொண்டே இருக்கும். மைக்கின் வலைத்தலையைக் கையால் பொத்தாதீர்கள், வாய்க்கு இரண்டு விரல்கடை தூரத்தில் பிடியுங்கள், தலையைத் திருப்பினால் மைக்கும் கூடத் திரும்பட்டும். "இது என் முதல் தடவை, பொறுத்துக்கோங்க" என்று ஆரம்பிக்க வேண்டாம், நேராக முதல் பிட்டுக்குப் போங்கள். கடைசி நிமிடத்தில் பின்னாலிருந்து போன் டார்ச் அடிப்பார்கள். அதைப் பார்த்தால் இருக்கும் பிட்டை முடித்துவிட்டு இறங்கிவிடுங்கள். நேரத்தைத் தாண்டாதவர் என்று பெயர் எடுத்தால், நடுத்தரமாகப் பேசினாலும் திரும்பக் கூப்பிடுவார்கள்.

சிரிப்பே வராமல் போகும் இரவுகள் வரும். எல்லோருக்கும் வரும். ஜனங்கள்மேல் கோபப்படாதீர்கள், "இது புரியலையா உங்களுக்கு?" என்று கேட்காதீர்கள், அடுத்த பிட்டுக்குப் போங்கள். அப்புறம் மற்றவர்கள் பேசுவதைக் கடைசிவரை உட்கார்ந்து கேளுங்கள். தன் முறை முடிந்ததும் கிளம்பிப் போகிறவர் வளரவே மாட்டார், பார்த்துக்கொண்டே இருக்கிறேன்.

படி 6: ரெக்கார்டிங்கைக் கேளுங்கள்

ஒவ்வொரு முறையும் போனில் ஆடியோ எடுங்கள். அன்று இரவே கேட்கவேண்டாம், மறுநாள் ஆபீஸ் போகும் வழியில் கேளுங்கள். எங்கே சிரித்தார்கள், எங்கே மூச்சுவிடாமல் ஓடினீர்கள், எங்கே சிரிப்பின்மேலேயே பேசினீர்கள் என்று குறியுங்கள். ஒரு பிட்டுக்கு மூன்று வெவ்வேறு கூட்டத்தில் சிரிப்பு விழாவிட்டால் அதை விட்டுவிடுங்கள், ஒரே ஒரு கூட்டத்தில் விழவில்லை என்பதற்காக விடாதீர்கள். புதியவர்கள் ஒவ்வொரு வாரமும் புது செட் எழுதிக்கொண்டு வருகிறார்கள். அது வேண்டாம். அதே ஐந்து நிமிடத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லித் தீட்டுங்கள், எந்த ஊரில் எழுப்பி நிற்கவைத்தாலும் ஓடுகிற ஐந்து நிமிடம் ஒன்று கையில் இருந்தால்தான் பத்து நிமிடத்துக்குக் கூப்பிடுவார்கள்.

படி 7: வாரத்தைக் கட்டமைப்பது

வேலை செய்பவருக்கு இங்கேதான் எல்லாம் குலையும். வார நாளில் ஒரு மைக், வார இறுதியில் ஒன்று, ஞாயிறு காலையில் எழுதுவதற்கு இரண்டு மணி நேரம், இது போதும். மாதக் கடைசி, ஜி.எஸ்.டி. ரிட்டர்ன் வாரம், மார்ச் முடிவு, பரீட்சை நேரம், உங்கள் வேலையில் எது நெருக்கடியோ அதை முன்கூட்டியே காலண்டரில் அடைத்துவிட்டு அப்போது மைக் ஒத்துக்கொள்ளாதீர்கள். தூக்கமில்லாமல் போய் ஒரு என்ட்ரியைத் தப்பாகப் போட்டால், அடுத்த நாளிலிருந்து உங்கள் காமெடிதான் காரணம் என்று ஆபீஸ் பேசும். நல்ல பெயர் இருக்கும்வரைதான் ஆறு மணிக்குக் கிளம்ப முடியும்.

வீட்டிலும் இதேதான். கணவரோ மனைவியோ குழந்தைகளைத் தனியாகப் பார்த்துக்கொள்ளும் சாயங்காலத்தில்தான் நீங்கள் மேடையில் நிற்கிறீர்கள். எந்த நாட்கள் என்று முன்னாலேயே பேசி, மற்ற நாட்களில் அந்த வேலையை நீங்கள் எடுத்துக்கொள்ளுங்கள். பெண்களுக்கு இது இன்னும் கடினம், இரவு பத்து மணிக்கு முடியும் ஷோவிலிருந்து வீட்டுக்கு வருவது உட்பட. ஹோஸ்ட்களே, உங்கள் லைன்அப்பில் பெண்களை முன்னால் போடுங்கள், கேட்கும்வரை காத்திருக்காதீர்கள்.

படி 8: உடன் வேலை செய்பவர்களைப் பற்றிப் பேசுவது

ஆபீஸ்தான் சுரங்கம், ஆனால் அங்கே இருப்பவர்கள் உயிருள்ள மனிதர்கள். நிறுவனத்தின் பெயர் வேண்டாம். ஆளை மாற்றுங்கள்: வயது, ஊர், பிரிவு, ஆண் பெண் எல்லாவற்றையும். மூன்று பேரின் குணத்தைச் சேர்த்து ஒரே ஆளாக்கினால் ஜோக்கும் நன்றாக வரும், யாரும் "இது நான்தானே?" என்று கேட்கவும் முடியாது. வாடிக்கையாளர் விவரம், சம்பளம், நோய், விவாகரத்து, இதெல்லாம் மேடைக்கு வரவே கூடாது, எவ்வளவு சிரிப்பு வந்தாலும் சரி. உங்களுக்குக் கீழே வேலை செய்பவர்களை, ஆபீஸ் பையனை, வீட்டு வேலைக்கு வரும் அக்காவைக் கிண்டல் செய்வதை நான் ஏற்கமாட்டேன். அவர்கள் திரும்ப உங்களைக் கலாய்க்க மேடை இல்லை. சாதி, நிறம், உடம்பு, இவற்றை வைத்து நம் ஊரில் நிறையச் சிரித்தாயிற்று, இனி வேண்டாம்.

வீடியோ போடுவதற்கு அவசரமே இல்லை. ஒரு வருடமாவது மேடையில் நின்றுவிட்டுப் போடுங்கள். போட்டதும் முதலில் பார்ப்பது ஆபீஸ் குரூப்தான், அதனால் எம்.டி. முன்னால் உட்கார்ந்திருந்தாலும் சொல்லக்கூடிய பிட்டை மட்டும் போடுங்கள். மற்றவை மேடைக்கு.

படி 9: பணம்

ஓப்பன் மைக்கில் பணம் இல்லை, சில இடங்களில் நீங்களே காபி வாங்கவேண்டியிருக்கும். பெயர் வந்தபிறகு பத்து நிமிட ஸ்பாட்டுக்குச் சின்னத் தொகை கிடைக்கலாம், கம்பெனி நிகழ்ச்சிகளில்தான் ஓரளவு நல்ல பணம். கம்பெனி ஷோ ஒத்துக்கொள்ளும்போது சாப்பாட்டு நேரத்தில் பேச மறுத்துவிடுங்கள், பிரியாணி கவுன்டர் திறந்திருக்கும்போது யாரும் எதையும் கேட்கமாட்டார்கள். உங்கள் நிறுவனத்தின் போட்டியாளருக்கோ வாடிக்கையாளருக்கோ ஷோ செய்வதற்கு முன் எச்.ஆரிடம் கேளுங்கள்.

இது என் தொழில் என்பதால் சொல்கிறேன்: வரும் காசு எல்லாவற்றையும் ஒரு தனி வங்கிக் கணக்கில் வாங்குங்கள். டி.டி.எஸ். (பணம் கொடுப்பவரே முன்கூட்டிப் பிடிக்கும் வரி) பிடித்தார்களா என்று வருமான வரித் தளத்தில் உங்கள் 26ஏஎஸ் அறிக்கையில் பாருங்கள். ஷோ வருமானத்தைத் தொழில் வருமானமாகக் காட்டவேண்டி வரும்போது சம்பளக்காரர்கள் வழக்கமாகப் போடும் ஐ.டி.ஆர்.-1 செல்லாது, ஆடிட்டரிடம் கேட்டு வேறு படிவம் போடவேண்டும். ஆட்டோ, ரயில் டிக்கெட், நல்ல மைக் வாங்கிய பில், எல்லாவற்றையும் எடுத்து வையுங்கள். தொழில் வருமானத்திலிருந்து அந்தச் செலவுகளைக் கழிக்க முடியும்.

படி 10: அப்படியும் விடத் தோன்றினால்

சிலருக்கு ஒரு கட்டத்தில் உண்மையாகவே இரண்டும் சேர்ந்து ஓடாது. அப்போதும் ஒரு வைரல் வீடியோவை வைத்து முடிவெடுக்காதீர்கள். தொடர்ந்து ஒரு வருடம் ஷோவிலிருந்து வந்த சராசரி மாத வருமானத்தைப் பாருங்கள், வீட்டுச் செலவையும் இ.எம்.ஐ.யையும் பக்கத்தில் எழுதுங்கள், கம்பெனி கொடுத்த மருத்துவக் காப்பீடு போய்விடும் என்பதால் சொந்தப் பாலிசிக்கான பிரீமியத்தைச் சேருங்கள். பழைய நோய்களுக்குக் காத்திருப்புக் காலம் இருப்பதால் அந்தப் பாலிசியை வேலையில் இருக்கும்போதே எடுத்துவிடுங்கள். சம்பளமில்லா விடுப்பு கிடைக்கும் இடம் என்றால் இரண்டு மூன்று மாதம் எடுத்து, முழுநேரமாக மேடைக்காக மட்டும் இருந்து பாருங்கள். எழுதுவதற்கு நாள் முழுக்க இருக்கிறது என்றபிறகு சிலருக்குக் கை ஓடுவதில்லை, பேசுவதற்கு விஷயம் வற்றிவிடுகிறது, அது தெரியவேண்டும். கடைசியாக, வேலைக்குச் சேர்ந்து நாலரை வருடம் ஆகியிருக்கிறது என்றால் இன்னும் ஆறு மாதம் பல்லைக் கடித்துக்கொண்டு இருங்கள், வழக்கமாக ஐந்து வருடம் நிறைந்தால்தான் கிராஜுவிட்டி கைக்கு வரும்.